ராஜியான வழக்கை ராஜியாகவே முடியுங்கள்: வழக்கறிஞர் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டின் மாவட்ட, வட்ட அளவிலான வழக்கறிஞர் சங்கங்களின் நிர்வாகிகளுக்கும் உறுப்பினர்களுக்கும், மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்களின் பொறுப்பாளர்களுக்கும் வணக்கம்.

கீழமை நீதிமன்றங்களில் அன்றாடம் நடக்கும் ஒரு நடைமுறையைக் குறித்து இந்த மடலை எழுதுகிறேன். வாதியும் பிரதிவாதியும் நீதிமன்றத்துக்கு வெளியே பேசித் தீர்த்துக்கொள்கிறார்கள், அதாவது ராஜியாகிறார்கள். அடுத்த வாய்தாவில் வாதியின் வழக்கறிஞர், வழக்கை மேற்கொண்டு வலியுறுத்தவில்லை என்று வழக்குக் கட்டில் ஒரு வரி எழுதிக் கையொப்பமிடுகிறார். வாதியும் அதன் பக்கத்தில் கையொப்பமிடுகிறார் அல்லது கைநாட்டு வைக்கிறார். வழக்கு திரும்பப் பெறப்பட்டதாகத் தள்ளுபடி ஆகிறது. யார் யாருக்கு எவ்வளவு கொடுக்க வேண்டும், எந்தத் தேதிக்குள் கொடுக்க வேண்டும், எந்த இடத்தின் மீதான உரிமையை யார் விட்டுக்கொடுத்தார், கொடுக்காமல் போனால் என்ன ஆகும் ஆகிய எதுவும் அந்த ஒரு வரியில் இருப்பதில்லை. வழக்கை முடித்து வைத்த உடன்பாடு வழக்குக் கட்டிலேயே இல்லாமல் போகிறது.

நான் வழக்கறிஞன் அல்லன். நீதிமன்ற அலுவலகத்தில் மனுக்களைச் சரிபார்த்து எண்ணிட்டு, கட்டுகளைப் பராமரித்து, நகல் கொடுத்து ஓய்வு பெற்றவன். வழக்கு முடிந்து பல ஆண்டுகள் கழித்து, "அன்றைக்கு என்ன பேசி முடித்தோம் என்று கோர்ட்டில் இருக்குமே, அதை எடுத்துக் கொடுங்கள்" என்று கேட்டு வரும் கட்சிக்காரரிடம், அப்படி எதுவும் இங்கே இல்லை என்று சொல்ல வேண்டிய வேலை வழக்கறிஞருக்கு வாய்ப்பதைவிட அலுவலகத்தில் இருப்பவருக்குத்தான் அதிகம் வாய்க்கும். அந்த இடத்திலிருந்துதான் இதை எழுதுகிறேன். பேசி முடித்த வழக்கை வெறும் வாபஸாக முடிக்காமல், பேசிய நிபந்தனைகளை எழுத்தில் நீதிமன்றத்தின் முன் வைத்துத் தீர்ப்பாணையாகப் பெற்றுக் கொடுங்கள் என்பதே என் வேண்டுகோள்.

உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை உங்களுக்குத் தெரியாதது அல்ல. ஆனால் இந்த மடலைக் கட்சிக்காரர்களும் படிப்பார்கள் என்பதால் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அதன் முதல் விதிப்படி வாதி தன் வழக்கை எந்தக் கட்டத்திலும் கைவிடலாம். மீண்டும் வழக்குத் தொடரும் உரிமையோடு திரும்பப் பெற வேண்டுமானால், வழக்கில் முறைசார்ந்த குறை ஏதேனும் இருக்கிறது என்றோ போதிய வேறு காரணம் இருக்கிறது என்றோ நீதிமன்றத்துக்குக் காட்டி அனுமதி பெற வேண்டும். அனுமதி பெறாமல் திரும்பப் பெற்றால், அதே விவகாரம் குறித்துப் புதிதாக வழக்குத் தொடர வாதிக்குத் தடை வந்துவிடுகிறது. எதிர்த்தரப்பின் செலவுத்தொகையும் அவர் தலையில் விழலாம். உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் நீதிப்பேராணை (ரிட்) மனுவுக்கும் இதே தடை உண்டு என்று 1986இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆக, வாபஸ் என்பது வாதி தன் கையில் இருந்த ஒரே ஆயுதத்தைக் கீழே வைப்பது. எதிர்த்தரப்பு தன் பங்கை ஏற்கெனவே நிறைவேற்றியிருந்தால் அதில் தவறில்லை. இனிமேல்தான் நிறைவேற்றப் போகிறது என்றால், வாதி எதை நம்பி அதைக் கீழே வைக்கிறார் என்ற கேள்வி எழுகிறது.

அதே கட்டளையின் 3ஆம் விதி வேறொரு வழியைத் தருகிறது. வழக்கு முழுவதுமோ அதன் ஒரு பகுதியோ சட்டப்படி செல்லத்தக்க உடன்பாட்டால், எழுத்தில், தரப்பினர் கையொப்பத்தோடு தீர்க்கப்பட்டிருந்தால், நீதிமன்றம் அதைப் பதிவுசெய்து அதன்படி தீர்ப்பாணை பிறப்பிக்க வேண்டும். 'எழுத்தில், தரப்பினர் கையொப்பத்தோடு' என்ற நிபந்தனை 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்ந்தது. வாய்மொழியாக ராஜியானோம், இல்லை ஆகவில்லை என்று நீதிமன்றங்களில் நடந்த தகராறுகளுக்கு முற்றுப்புள்ளி வைப்பதற்காகவே அது வந்தது. உடன்பாட்டில் உள்ள விஷயங்கள் வழக்கில் கேட்ட பரிகாரத்தோடு அப்படியே பொருந்த வேண்டும் என்பதுகூட இல்லை; அது வழக்கின் தரப்பினரைப் பற்றியதாக இருந்தால் போதும் என்பதும் அதே திருத்தத்தில் தெளிவுபடுத்தப்பட்டது. சட்டம் இவ்வளவு இடம் கொடுத்த பிறகும், இந்த விதியைவிடக் கட்டில் எழுதும் ஒற்றை வரி மேலெழுத்தே அதிகம் பயன்படுகிறது என்பது என் அனுபவம்.

இரண்டு வழிகளுக்கும் உள்ள வேறுபாடு பணத்துக்கான வழக்கில் பளிச்சென்று தெரியும். ஐந்து லட்ச ரூபாய்க் கடனுக்காக ஒருவர் வழக்குத் தொடுக்கிறார். நான்கு லட்சத்துக்குப் பேசி முடிக்கிறார்கள். ஒரு லட்சத்தை உடனே கொடுத்து, மீதியை ஆறு தவணைகளில் கொடுப்பதாக ஏற்பாடு. வழக்கு வாபஸ் ஆகிறது. மூன்றாவது தவணையோடு பணம் வருவது நின்றுவிட்டால், பழைய கடனுக்காக மீண்டும் வழக்குப் போட முடியாது. உடன்பாடு எழுத்தில் இருந்தால், அதை ஒரு புதிய ஒப்பந்தமாக வைத்து, புதிதாகக் கட்டணம் கட்டி, புதிதாக அழைப்பாணை அனுப்பி, முதலிலிருந்து தொடங்க வேண்டும். எழுத்தில் இல்லையென்றால், நான்கு லட்சம் என்பதையே முதலில் நிரூபிக்க வேண்டும். அதே நிபந்தனைகள் ராஜித் தீர்ப்பாணையாகியிருந்தால், நிறைவேற்றுதல் மனு ஒன்றைத் தாக்கல் செய்வதோடு காரியம் நகரும்; அதற்குக் காலவரம்புச் சட்டம் 12 ஆண்டுகள் தருகிறது. கடன் வாங்கியவருக்கும் இதில் நன்மை உண்டு. ஐந்து லட்சம் நான்கு லட்சமாகக் குறைந்ததற்கு மறுக்க முடியாத ஆதாரம் அவர் கையில் இருக்கும்; தரப்பினரின் இசைவோடு பிறந்த தீர்ப்பாணையை எதிர்த்து உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 96ஆம் பிரிவின்படி மேல்முறையீடும் கிடையாது.

மேல்முறையீட்டில் ஏற்படும் சமரசத்தில் ஆபத்து இன்னும் கூடுதல், கண்ணுக்குத் தெரியாமலும் இருக்கும். விசாரணை நீதிமன்றத்தில் தோற்ற பிரதிவாதி மேல்முறையீடு செய்கிறார். அங்கே வைத்துப் பாதித் தொகைக்குப் பேசி முடிகிறது. மேல்முறையீட்டை வாபஸ் வாங்கினால் எல்லாம் முடிந்தது என்று அவர் நினைக்கிறார். உண்மையில் மேல்முறையீடு வாபஸ் ஆன பிறகு கீழ் நீதிமன்றத்தின் தீர்ப்பாணை முழுத் தொகைக்கும் அப்படியே உயிரோடு நிற்கிறது. எதிர்த்தரப்பில் இருந்தவர் இறந்து, பேசியது எதுவும் தெரியாத அவருடைய வாரிசுகள் அந்தத் தீர்ப்பாணையைக் கையில் எடுத்துக்கொண்டு நிறைவேற்றுதலுக்கு வந்தால், 'நாங்கள் வெளியே தீர்த்துக்கொண்டோம்' என்ற பதிலை அந்த நீதிமன்றம் ஏற்க முடியாது. 21ஆம் கட்டளை 2ஆம் விதி, நீதிமன்றத்துக்கு வெளியே கொடுத்த பணமும் செய்துகொண்ட ஏற்பாடும் பதிவு செய்யப்படாவிட்டால் நிறைவேற்றும் நீதிமன்றம் அவற்றைக் கணக்கில் கொள்ளக் கூடாது என்கிறது. அந்தப் பதிவைக் கேட்டுக் கடனாளி விண்ணப்பிக்க உள்ள காலக்கெடு வெறும் 30 நாட்கள். இந்த ஒரு விதி தெரியாததால் ஒரே கடனை இரண்டு முறை கட்டும் நிலைக்கு வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்கள் பொய் சொல்கிறார்கள் என்று அந்த அறையில் யாரும் நினைக்கவில்லை. ஆனாலும் யாராலும் உதவ முடியவில்லை.

வழக்கறிஞர்கள் ஏன் வாபஸையே நாடுகிறார்கள் என்பதற்கு நியாயமான காரணங்கள் சில உண்டு, அவற்றை நான் அலட்சியப்படுத்தவில்லை. முதலாவது நேரம்: ராஜி மனு எழுத வேண்டும், இரு தரப்பும் ஒரே நாளில் ஆஜராக வேண்டும், நீதிபதி இருவரையும் விசாரித்துத் திருப்தியடைய வேண்டும். மேலெழுத்துக்கு ஒரு நிமிடம் போதும். இரண்டாவது, அசையாச் சொத்து சம்பந்தப்பட்டிருந்தால் பதிவுக் கட்டணமும் முத்திரைத் தீர்வையும் வந்துவிடுமோ என்ற அச்சம். இதில் பாதிதான் உண்மை. பதிவுச் சட்டத்தின் 17(2)(vi) பிரிவின்படி, வழக்குச் சொத்தைப் பற்றிய ராஜித் தீர்ப்பாணைக்குப் பதிவு தேவையில்லை. வழக்கில் இல்லாத வேறு சொத்தையும் உள்ளே கொண்டுவந்தால் அதற்குத் தேவை. முன்பே இருந்த உரிமையை ஒப்புக்கொள்வதற்குப் பதிலாக, ராஜி என்ற பெயரில் புதிதாக ஓர் உரிமையை உண்டாக்கினால் விலக்கு கிடைக்காது என்று 1995இல் உச்ச நீதிமன்றம் எச்சரித்ததும், கிரயப் பத்திரச் செலவை மிச்சப்படுத்த ஜோடிக்கப்படும் வழக்குகளைத் தடுக்கத்தான். பாகப்பிரிவினை வழக்கின் இறுதித் தீர்ப்பாணையை முத்திரைத்தாளில் எழுத வேண்டும் என்பதும் சரிதான். ஆனால் அந்தச் செலவைத் தவிர்க்கப் போய் ஒரு குடும்பத்தின் பாகப்பிரிவினையை வாய்வார்த்தையில் விட்டுவிடுவது, அடுத்த தலைமுறைக்கு ஒரு வழக்கைச் சொத்தோடு சேர்த்து எழுதி வைப்பது போன்றது.

மூன்றாவது காரணம் அந்தரங்கம். குடும்பத்துக்குள் கொடுத்த தொகை, ஒருவர் கேட்ட மன்னிப்பு, கூட்டாளிகள் பிரிந்த விதம் ஆகியவை பொது ஆவணத்தில் ஏற வேண்டாம் என்று கட்சிக்காரர்கள் விரும்புவது இயல்பு. அப்படிப்பட்ட வழக்கிலும், பணம் முழுவதும் கைமாறி, சாவி ஒப்படைக்கப்பட்டு, இனிச் செய்ய வேண்டியது ஒன்றுமில்லை என்ற நிலையில் உள்ள வழக்கிலும் வாபஸே போதும். அதிலும்கூட 'வெளியே ஏற்பட்ட சமரசத்தின் காரணமாக' என்று மெமோவில் எழுதுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். அந்தச் சொற்களால் கட்சிக்காரருக்குப் பணமே திரும்ப வருகிறது.

தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணங்கள் மற்றும் வழக்குகள் மதிப்பீட்டுச் சட்டம், 1955இன் 69-ஏ பிரிவைப் பற்றிச் சொல்கிறேன். உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 89ஆம் பிரிவு காட்டும் சமரச வழியில் தீர்ந்த வழக்கில், கட்டிய கட்டணம் முழுவதையும் திருப்பித் தர அது வகைசெய்கிறது. நீதிமன்றம் சமரச மையத்துக்கு அனுப்பித் தீர்ந்தால்தான் இது பொருந்தும், தரப்பினர் தாங்களாகவே பேசி முடித்தால் பொருந்தாது என்ற கருத்து நெடுங்காலம் அலுவலகங்களில் இருந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு மேல்முறையீடு இப்படித் தனிப்பட்ட சமரசத்தால் திரும்பப் பெறப்பட்டு, கட்டணத்தைத் திருப்பித் தரப் பதிவகம் மறுத்து, பிறகு நீதிபதிகள் தரச் சொல்லி, அந்த உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்ற நிர்வாகமே உச்ச நீதிமன்றம் போனது. 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்த மனுவைத் தள்ளுபடி செய்தது. நீதிமன்றத்தின் உதவிகூட இல்லாமல் தாமாகவே தீர்த்துக்கொண்டவர்களுக்குக் கட்டணத்தை மறுத்து, நீதிமன்றம் அனுப்பியதால் தீர்த்துக்கொண்டவர்களுக்கு மட்டும் கொடுப்பது பொருளற்றது என்பதே அதன் சாரம். நம் மாநிலச் சட்டத்தின் மீதே வந்த தீர்ப்பு இது. இருந்தும், வெறும் 'வலியுறுத்தவில்லை' என்ற வரியோடு முடிந்த வழக்கில் கட்டணத்தைத் திருப்பிக் கேட்டால், சமரசம் நடந்ததற்குக் கட்டில் என்ன ஆதாரம் என்றுதான் அலுவலகம் கேட்கும். கேட்காமல் இருக்கவும் முடியாது. வழக்கு மதிப்பின் மீது நூற்றுக்கு இவ்வளவு என்று கட்டிய தொகை, சிறு கட்சிக்காரருக்குச் சிறிய தொகை அன்று.

மக்கள் நீதிமன்றத்தில் முடித்தால் கட்டணமும் திரும்பும், மேல்முறையீடும் இல்லை, தீர்வே தீர்ப்பாணைக்கு நிகர் என்பது 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தின் 21ஆம் பிரிவு. நல்ல வழிதான். ஆனால் ஏற்கெனவே பேசி முடிந்து, இரு தரப்பும் கையொப்பமிடத் தயாராக இருக்கும் வழக்கை, அடுத்த தேசிய மக்கள் நீதிமன்ற நாளின் கணக்கில் சேர்ப்பதற்காக வாரக்கணக்கில் காத்திருக்க வைக்கும் வழக்கத்தை ஆணைக்குழுக்கள் கைவிட வேண்டும். இடைப்பட்ட வாரங்களில் மனம் மாறிய கட்சிக்காரர்கள் உண்டு. சமரசத்துக்கு ஒரு சூடு இருக்கிறது; ஆறவிட்டால் உறவினர்கள் வந்து ஆலோசனை சொல்லத் தொடங்கிவிடுவார்கள். 2005இல் நாட்டிலேயே முதன்முதலாக நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையத்தைத் தொடங்கிய உயர் நீதிமன்றம் நம்முடையது. அந்தப் பெருமைக்குரிய இடத்தில், எண்ணிக்கைக்காக ஒருவரைக் காக்க வைப்பது பொருந்தவில்லை.

பேச்சுவார்த்தையில் உட்காராதவர்களையும் நினைவில் வையுங்கள். வாதிகள் பலர் இருக்கும் வழக்கில், ஒருவர் மற்றவர்களின் சம்மதமின்றி வழக்கைத் திரும்பப் பெற முடியாது. மைனருக்காகக் காப்பாளர் செய்யும் ராஜிக்கு 32ஆம் கட்டளை 7ஆம் விதிப்படி நீதிமன்ற அனுமதி வேண்டும். இல்லையேல் அந்த மைனர் பின்னாளில் அதைச் செல்லாததாக்கலாம், எதிர்த்தரப்பால் முடியாது. ஊர்ப் பொதுவுக்காக ஒருவர் தொடுத்த பிரதிநிதித்துவ வழக்கிலும் நீதிமன்ற அனுமதியின்றி ராஜி கிடையாது. பொதுநல மனுவைப் பொறுத்தவரை, அதைத் தாக்கல் செய்தவர் நினைத்தபோது திரும்பப் பெறும் உரிமை கொண்டவர் அல்லர் என்று 1988இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அந்த மனு அவருடையதாக இருப்பது அதில் உள்ள கையொப்பத்தோடு சரி.

இனிக் குற்ற வழக்குகளுக்கு வருகிறேன். இங்கேதான் 'கேஸை வாபஸ் வாங்கிவிட்டேன்' என்ற சொற்றொடர் அதிகக் கேடு விளைவிக்கிறது. நிலத் தகராறு ஒன்றில் உரிமையியல் வழக்கோடு சேர்ந்து இரண்டு தரப்பின் மீதும் அடிதடி வழக்குகள் இருக்கும். நிலத்தைப் பற்றிப் பேசி முடித்து உரிமையியல் வழக்கை முடித்துக்கொண்டவர்கள், அத்தோடு எல்லாம் தீர்ந்தது என்று வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். குற்ற வழக்கை நடத்துவது அரசு; காவல் நிலையத்தில் கடிதம் கொடுப்பதால் முதல் தகவல் அறிக்கை மறைந்துவிடாது. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவில் பட்டியலிடப்பட்ட குற்றங்களை மட்டுமே, சிலவற்றை நேரடியாகவும் சிலவற்றை நீதிமன்ற அனுமதியோடும், பாதிக்கப்பட்டவர் இணக்கம் செய்துகொள்ளலாம். பட்டியலில் இல்லாதவற்றுக்கு 528ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தை அணுகி வழக்கை ரத்துசெய்யக் கோர வேண்டும். பெரும்பாலும் தனிப்பட்ட தன்மை கொண்ட தகராறுகளில் அதைச் செய்யலாம் என்று 2012இல் உச்ச நீதிமன்றத்தின் மூவர் அமர்வு வழிவகுத்தது. கொலை, வன்புணர்வு, கொள்ளை போன்றவை சமூகத்துக்கு எதிரான குற்றங்கள் என்பதால் சமரசத்தால் அவற்றை ரத்துசெய்ய இயலாது என்றும் அதே தீர்ப்பு வரம்பிட்டது. குழந்தைகளுக்கு எதிரான பாலியல் குற்ற வழக்கைப் பெற்றோர் சமரசமானதால் ரத்துசெய்ய முடியாது என்று 2024 நவம்பரில் வந்த தீர்ப்பு அந்த வரம்பை மேலும் அழுத்தமாக உறுதிசெய்தது. அது இருக்க வேண்டிய வரம்பு. சில குற்றங்களில் 'பேசி முடித்தல்' என்பது பாதிக்கப்பட்டவரின் வாயைப் பணத்தால் அடைப்பதற்கு மறுபெயர்.

இந்த முறையான வழிகளைவிட எளிது என்று கருதிக் கட்சிக்காரர்களுக்குக் காட்டப்படும் வழி ஒன்று உண்டு. புகார்தாரர் சாட்சிக் கூண்டில் ஏறி, சம்பவமே நடக்கவில்லை, காவலர்கள் வெற்றுத்தாளில் கையொப்பம் வாங்கினார்கள் என்று சொல்லிப் பிறழ்சாட்சியாவது. வழக்கு விடுதலையில் முடிவது. வெளிப்படையாகச் சொல்கிறேன், இது சமரசத்தின் ஆக இழிந்த வடிவம். நேர்மையாகச் சமாதானமான ஒருவரை, சத்தியப் பிரமாணம் செய்த பிறகு பொய் சொல்ல வைக்கிறோம். நீதிமன்றத்தில் பொய்ச் சாட்சியம் சொல்வது ஏழாண்டு வரை சிறை விதிக்கத்தக்க குற்றம் என்பதை அந்தக் கட்சிக்காரரிடம் யாரும் சொல்வதில்லை. 'எங்களுக்குள் தகராறு நடந்தது, இப்போது தீர்ந்துவிட்டது' என்ற உண்மையைச் சொல்லியே வழக்கை முடிக்கச் சட்டம் வழி வைத்திருக்கும்போது, பயணச் செலவையும் சில மாத அலைச்சலையும் மிச்சப்படுத்த இந்தப் பாதையைக் காட்டுவது வக்காலத்து வாங்கியவரின் கடமைக்கு முரணானது. சங்கங்கள் வேறெதைப் பேசாவிட்டாலும் இதைப் பேச வேண்டும்.

குடும்ப வழக்குகளில் இந்த எல்லா இழைகளும் ஒன்றாகப் பின்னிக் கிடக்கின்றன. ஜீவனாம்ச மனு, குடும்ப வன்முறைச் சட்ட மனு, மணவிலக்கு மனு, கொடுமைக் குற்ற வழக்கு என்று ஒரே மணவாழ்க்கை நான்கு கட்டுகளாகப் பிரிந்து நான்கு நீதிமன்றங்களில் இருக்கும். ஒட்டுமொத்தமாகப் பேசி முடிக்கும்போது எந்தக் கட்டு முதலில் முடிய வேண்டும், எந்தத் தொகை எப்போது கைமாற வேண்டும் என்ற வரிசைதான் உயிர்நாடி. இந்துத் திருமணச் சட்டத்தின் 13-பி பிரிவின்படி பரஸ்பர இசைவு மணவிலக்குக்கு இரண்டு முறை மனுச் செய்ய வேண்டும். இடையே ஆறு மாதம். தக்க காரணம் இருந்தால் அந்த இடைவெளியைத் தளர்த்தலாம் என்று 2017இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் தீர்ப்பாணை வரும்வரை இருவரில் யாரும் இசைவைத் திரும்பப் பெறலாம். மனைவி தன் மற்ற மனுக்களை எல்லாம் முதல் நாளே வாபஸ் வாங்கிவிட்டு, பணத்துக்காகவும் இரண்டாவது மனுவுக்காகவும் கணவரின் நல்லெண்ணத்தை நம்பிக் காத்திருக்கும் ஏற்பாடும், கணவர் முழுத் தொகையையும் முன்னதாகவே கொடுத்துவிட்டுக் குற்ற வழக்கு ரத்தாவதற்கு மனைவியின் பிரமாணப் பத்திரத்தை எதிர்பார்த்து நிற்கும் ஏற்பாடும் ஒரே அளவுக்கு மோசமானவை. முதல் மனுவில் ஒரு பகுதி, இரண்டாவது மனுவில் ஒரு பகுதி, குற்ற வழக்கு ரத்தாகும் நாளில் மீதி, அதுவரை மீதித் தொகை நீதிமன்ற வைப்பில் என்று எழுதிக்கொள்ளும் வழக்கறிஞர்களும் இருக்கிறார்கள். அவர்கள் எழுதும் ராஜி மனுவை இளைய வழக்கறிஞர்களுக்கு மாதிரியாகச் சங்கங்கள் கொடுக்கலாம்.

அச்சிட்ட வக்காலத்துப் படிவத்தில் ராஜி செய்யவும் திரும்பப் பெறவும் வழக்கறிஞருக்கு அதிகாரம் கொடுக்கும் வாசகம் இருக்கிறது. கட்சிக்காரர் சார்பில் வழக்கறிஞர் கையொப்பமிடலாம் என்று 1991இல் உச்ச நீதிமன்றமும் ஏற்றிருக்கிறது. அவசரத்துக்கு ஏற்பட்ட அந்தச் சலுகையை வழக்கமாக்கிக்கொள்ள வேண்டாம். கட்சிக்காரர் நேரில் வந்து, ராஜியின் வாசகத்தைத் தமிழில் படித்து, படிக்கத் தெரியாதவராக இருந்தால் படிக்கக் கேட்டு, ஒவ்வொரு பக்கத்திலும் கையொப்பமிட வேண்டும். கீழமை நீதிமன்றங்களின் மொழியாகத் தமிழ் ஆன பிறகும், ராஜி மனுக்கள் பலவும் ஆங்கிலத்திலேயே எழுதப்படுகின்றன. இரண்டு சகோதரர்கள் தங்களுக்குள் தமிழில் பேசி ஒத்துக்கொண்டதை, இருவருக்கும் புரியாத ஒரு மொழியில் எழுதி இருவரிடமும் கையொப்பம் வாங்குகிறோம். ஏமாற்றிக் கையொப்பம் வாங்கினார்கள் என்று பிற்பாடு எழும் குற்றச்சாட்டுகளில் பெரும்பகுதி இங்கேதான் முளைக்கிறது. 23ஆம் கட்டளையின் 3-ஏ விதியின்படி ராஜித் தீர்ப்பாணையை ரத்துசெய்யத் தனி வழக்குப் போட முடியாது. அதைப் பதிவுசெய்த நீதிமன்றத்திடமே திரும்ப வர வேண்டும். அந்தச் சுமையும் கட்சிக்காரருடையது.

ராஜி எழுதும்போது மறந்துபோகும் சில்லறைக் காரியங்கள் உண்டு. தீர்ப்புக்கு முந்தைய ஜப்தி உத்தரவு சார் பதிவாளர் அலுவலகத்துக்குப் போயிருந்தால், வழக்கு முடிந்ததும் ஜப்தியை நீக்கும் உத்தரவைக் கேட்டுப் பெற்று அங்கே சேர்க்க வேண்டும்; இல்லையென்றால் பல ஆண்டுகள் கழித்து இடத்தை விற்கப் போகும்போது வில்லங்கச் சான்றில் அது நிற்கும். நீதிமன்ற வைப்பில் உள்ள பணத்தை யார் எடுத்துக்கொள்வது என்பதை ராஜியிலேயே எழுதாவிட்டால், காசோலை மனுவுக்கு மறுபடியும் எதிர்த்தரப்பின் சம்மதத்தைத் தேடி அலைய வேண்டும். தாக்கல் செய்த மூல ஆவணங்களைத் திரும்பக் கேட்கும் மனுவும் அப்படியே.

சங்கங்கள் தங்கள் அடுத்த பொதுக்குழுவில் இதை ஒரு பொருளாக எடுத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். பண வழக்கு, பாகப்பிரிவினை, வாடகை, மணவிலக்கு ஆகிய நான்குக்கு மட்டுமாவது தமிழில் ராஜி மனு மாதிரிகளை மூத்த உறுப்பினர்களைக் கொண்டு எழுதி, எல்லோருக்கும் கிடைக்கச் செய்தால் போதும். அதற்குப் பெரிய செலவில்லை. அந்த மாதிரிகளில் கட்டணத்தைத் திருப்பிக் கேட்கும் பத்தி ஒன்றும், நிலுவையில் உள்ள மற்ற வழக்குகளின் எண்களைக் குறிக்கும் பத்தி ஒன்றும், தவணை தவறினால் என்ன என்பதைச் சொல்லும் பத்தி ஒன்றும் இருக்கட்டும். மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள், வழக்கறிஞர் வைக்க வசதியில்லாத கட்சிக்காரர்களுக்கு இந்த ராஜி மனுவை எழுதித் தரவும் படித்துக் காட்டவும் தங்கள் பட்டியலில் உள்ள வழக்கறிஞர் ஒருவரை ஒவ்வொரு நீதிமன்ற வளாகத்திலும் வாரம் ஒரு நாளாவது இதற்கென்றே அமர்த்தலாம். ராஜித் தீர்ப்பாணை பிறப்பிக்கப்பட்ட உடனே, நகல் மனுவுக்குக் காத்திராமல், இரு தரப்பு வழக்கறிஞர்களும் ராஜி மனுவின் ஒரு படியைத் தத்தம் கட்சிக்காரர் கையில் கொடுத்து அனுப்ப வேண்டும் என்பதையும் சங்கத்தின் தீர்மானத்தில் சேர்த்துக்கொள்ளுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நீதிமன்றப் பணியாளன் ஒருவன்